மதிப்பெண் தாளை மாற்றுங்கள்: பேச்சுப் போட்டி நடத்துவோருக்கும் நடுவர்களுக்கும் ஒரு திறந்த மடல்

பள்ளி, கல்லூரிகளில் தமிழ்ப் பேச்சுப் போட்டி நடத்தும் அன்பர்களுக்கும், அவற்றில் நடுவராக அமரும் பெரியோர்களுக்கும் வணக்கம்.

எங்கள் வேண்டுகோளை முதலிலேயே சொல்லிவிடுகிறோம். நடுவர் கையில் நீங்கள் கொடுக்கும் மதிப்பெண் தாளை மாற்றுங்கள். தனக்கே புரியாத தமிழை உரக்கச் சொல்லிவிட்டு ஒரு பிள்ளை மேடையிலிருந்து இறங்குகிறது என்றால், அதற்குப் பிள்ளையையோ பயிற்சி கொடுத்த ஆசிரியரையோ மட்டும் குறை சொல்லிப் பயனில்லை. எதற்கு மதிப்பெண் விழுகிறதோ அதைத்தான் ஆசிரியர் எழுதிக் கொடுப்பார், அதைத்தான் பிள்ளை மனப்பாடம் செய்யும். உரை எழுதிக் கொடுப்பதும் நடுவராக உட்காருவதும் தமிழாசிரியர்களான எங்கள் வேலையின் பகுதி. இரண்டு பக்கமும் தெரிந்துதான் எழுதுகிறோம்.

இப்போது வழக்கத்தில் இருக்கும் தாளில் பெரும்பாலும் 5 கட்டங்கள் இருக்கும். உள்ளடக்கம், மொழிநடை, உச்சரிப்பு, மெய்ப்பாடு (முகத்திலும் கையசைவிலும் காட்டும் உணர்ச்சி), நேரம். கட்டத்துக்கு 10, மொத்தம் 50. பார்த்தால் நியாயமாகத்தான் தெரியும். ஆனால் 30 பேர் பேசி முடித்த பிறகு அந்தத் தாள்களை வரிசையாக வைத்துப் பாருங்கள். உள்ளடக்கத்தில் எல்லோருக்கும் 7 அல்லது 8 விழுந்திருக்கும், ஏனென்றால் 30 பேரும் சொன்னது ஏறக்குறைய ஒன்றே. நேரத்துக்கு எல்லோருக்கும் 9 அல்லது 10. மொழிநடையிலும் மெய்ப்பாட்டிலும்தான் எண்கள் 4 முதல் 9 வரை சிதறிக் கிடக்கும். எந்தக் கட்டத்தில் எண்கள் விலகி நிற்கின்றனவோ அந்தக் கட்டம்தான் பரிசை முடிவு செய்கிறது. பிள்ளை என்ன சொன்னது என்பதற்குத் தாளில் இடம் உண்டு, வரிசையை முடிவு செய்வதில் பங்கு இல்லை.

மூன்று நிமிடப் போட்டியில் வழக்கமாகக் காதில் விழும் தொடக்கத்தை மாதிரிக்கு எழுதிப் பார்ப்போம்.

"அன்பை அடித்தளமாக்கி, அறிவை ஆயுதமாக்கி, ஆற்றலை அணிகலனாக்கி வீற்றிருக்கும் அவைத்தலைவர் அவர்களே! நடுநிலை தவறா நெஞ்சமும் நக்கீரன் நிகர்த்த நேர்மையும் கொண்ட நடுவர் பெருமக்களே! என்னைப் போலவே எழுச்சியோடு வந்திருக்கும் என் சக போட்டியாளர்களே! உங்கள் அனைவருக்கும் என் முத்தான, முதற்கண், முத்தமிழ் வணக்கம்!"

எண்ணினால் 32 சொல். குரலை ஏற்றி இறக்கி, கைகூப்பி, சற்று நிறுத்தினால் 30 விநாடி. 180 விநாடிப் பேச்சில் ஆறில் ஒரு பங்கு தலைப்பைத் தொடாமலே போய்விட்டது. அதிலும் நடுவரின் நேர்மையைப் புகழும் வரியைக் கவனியுங்கள். அந்தப் பிள்ளைக்கு நடுவர் யாரென்றே தெரியாது. உரையை எழுதியவருக்கும் தெரியாது. தெரியாத ஒருவரை, அவர் கையில் மதிப்பெண் இருக்கிறது என்பதற்காகப் புகழலாம் என்று 12 வயதுப் பிள்ளைக்கு முதல் வரியிலேயே கற்றுக்கொடுத்துவிடுகிறோம். எங்களை மிகவும் உறுத்துவது இதுதான்.

அடுத்து உடல் பகுதி. "நீரின்றி அமையாது உலகு" என்று தலைப்பு. "நீர்! அது வெறும் நீரல்ல! உயிரின் ஊற்று! உணர்வின் கீற்று! உலகின் நாற்று! நீர் இருந்தால் பார் சிரிக்கும்; நீர் மறைந்தால் வேர் மரிக்கும்!" இங்கே கைதட்டல் விழும். நடுவர்கள் ஒரு சின்னச் சோதனை செய்து பார்க்க வேண்டும். "நீர்" என்ற சொல்லை எடுத்துவிட்டுக் "கல்வி" என்று வையுங்கள். உயிரின் ஊற்று, உணர்வின் கீற்று, உலகின் நாற்று: அப்படியே பொருந்துகிறது. "தாய்மொழி" என்று வையுங்கள், பொருந்துகிறது. "பெண்மை", "நூலகம்", "நட்பு", எதை வைத்தாலும் பொருந்தும். எல்லாவற்றுக்கும் பொருந்தும் வரி நீரைப் பற்றி எதையும் சொல்லவில்லை. நீர் வற்றினால் வேர் சாகும் என்ற கடைசித் துண்டு மட்டும் நீருக்கே உரியது, அது அரங்கில் உள்ள எல்லோருக்கும் முன்பே தெரிந்தது.

அதே தலைப்புக்கு, அதே வயதுப் பிள்ளை இப்படியும் பேசலாம்.

"எங்கள் தெருக் குழாயில் ஒருநாள் விட்டு ஒருநாள் தண்ணீர் வரும். எங்கள் வீட்டுக்கு 8 குடம் கிடைக்கும். ஒரு குடத்தை லிட்டர் பாட்டிலால் அளந்து பார்த்தேன், 15 லிட்டர் பிடித்தது. 8 குடம் 120 லிட்டர். வீட்டில் 5 பேர். 2 நாளைக்கு 120 என்றால் ஆளுக்கு ஒரு நாளைக்கு 12 லிட்டர். கிராமத்தில் ஆளுக்கு 55 லிட்டர் தர வேண்டும் என்பது ஜல் ஜீவன் திட்டத்தின் அளவு. மீதி 43 லிட்டருக்கு அம்மா வாய்க்காலுக்குப் போகிறார்."

அரை நிமிடத்துக்குச் சற்று மேல் ஆகும். இதில் "நீர்" இருக்கும் இடத்தில் "கல்வி"யை வைத்துப் பாருங்கள், முதல் வாக்கியமே நொறுங்கிவிடும். எதுகை இல்லை, மோனை இல்லை. கடைசி வரியில் அரங்கம் அமைதியாகும். இப்போதைய தாளில் இந்தப் பிள்ளைக்கு மொழிநடையில் 5, மெய்ப்பாட்டில் 4 விழும்.

அழகுக்கு நாங்கள் எதிரிகள் இல்லை. பவணந்தி முனிவர் நன்னூல் பாயிரத்தில் நூலுக்கு அழகு என்று பத்தைச் சொல்கிறார், அவற்றில் ஓசையுடைமையும் ஒன்று. ஆனால் அது ஐந்தாவதாக நிற்கிறது. முதலில் சுருங்கச் சொல்லல், இரண்டாவது விளங்க வைத்தல். அதற்கு முன் அவர் அடுக்கும் பத்துக் குற்றங்களை எடுத்துக்கொண்டால் போட்டி மேடைக்கென்றே எழுதியது போல இருக்கும். புகழுரை நீண்டால் மிகைபடக் கூறல். ஊற்று, கீற்று, நாற்று என்று பொருளில்லாமல் கோத்தால் வெற்றெனத் தொடுத்தல். நீரைப் பற்றிப் பேச வந்த பிள்ளை சேரன், சோழன், பாண்டியன் என்று போய்விட்டால் மற்றொன்று விரித்தல். முழக்கமாகத் தொடங்கி இரண்டாம் நிமிடத்தில் சரக்குத் தீர்ந்துபோனால் சென்று தேய்ந்து இறுதல். நூலுக்குச் சொன்ன இலக்கணம்தான், ஆனாலும் பேச்சை அளக்கவும் கச்சிதமாக உதவுகிறது. நடுவர் ஒவ்வொருவரிடமும் அந்தப் பத்துக் குற்றங்களின் பட்டியலை ஒரு சீட்டில் எழுதிக் கொடுங்கள். "பேச்சு சுமார்" என்று குத்துமதிப்பாக எண் போடுவதைவிட, எந்தக் குற்றம் என்று பெயர் சொல்லி மதிப்பெண் குறைப்பது பிள்ளைக்கும் பயன்படும்.

மேற்கோள் அடுத்த தொல்லை. ஒரு பேச்சில் ஐந்தாறு மேற்கோள் இருந்தால் பிள்ளைக்கு நிறையத் தெரிந்திருக்கிறது என்று எண்ணிவிடுகிறோம். "மெல்லத் தமிழினிச் சாகும் என்றான் பாரதி" என்று எத்தனை மேடையில் கேட்டிருப்போம்! பாட்டின் அடுத்த வரிகளைப் படித்தால், அப்படிச் சொன்னவனைப் "பேதை" என்கிறார் பாரதி, அந்த வசை எனக்கு வரலாமா என்று தமிழ்த்தாய் பதறுகிறாள். எதிர்த்தரப்பின் சொல்லைப் பாரதியின் வாயில் திணித்துவிட்டோம். பாரதிதாசனின் "தமிழுக்கும் அமுதென்று பேர்" பாரதியின் கணக்கில் ஏறுகிறது. நாமக்கல் கவிஞரின் "தமிழன் என்றோர் இனமுண்டு" பாரதிதாசனின் கணக்கில் ஏறுகிறது. கணியன் பூங்குன்றனாரின் "யாவரும் கேளிர்" மேடையில் "யாவரும் கேளீர்" ஆகிவிடுகிறது. கேளிர் என்றால் உறவினர். நெடிலாக்கினால் எல்லோரையும் காது கொடுக்கச் சொல்லும் அழைப்பாகிவிடும். அதே புறநானூற்று 192ஆம் பாட்டின் முடிவில், பெரியோரை வியத்தலும் இல்லை, சிறியோரை இகழ்தல் அதனினும் இல்லை என்று வருகிறது. அரை நிமிடம் அவைத்தலைவரை வியந்துவிட்டு அந்தப் பாட்டின் முதல் வரியைச் சொல்லும் பிள்ளைக்கு அதன் கடைசி வரியை யாரும் காட்டவில்லை. மூன்று நிமிடப் பேச்சுக்கு ஒரு மேற்கோள் போதும். யார் சொன்னது, எங்கே, அதன் முன்பின் என்ன என்று பிள்ளையால் சொல்ல முடிந்தால் மதிப்பெண் கொடுங்கள். முடியாவிட்டால் அந்த மேற்கோளை வராததாகவே எடுத்துக்கொள்ளுங்கள்.

மெய்ப்பாடு என்ற கட்டத்தைப் பற்றிச் சொல்லும்போது மனம் கனக்கிறது. உள்ளத்தில் எழும் உணர்வு தானே உடலில் தெரிவதற்குத்தான் மெய்ப்பாடு என்று பெயர். நகை, அழுகை, இளிவரல் என்று தொல்காப்பியம் அதை எட்டாக வகுத்திருக்கிறது. நம் மேடையில் அது வரி எண் போட்டுப் பயிற்சியாகிவிட்டது. "இதயம்" என்றால் கை நெஞ்சுக்குப் போக வேண்டும், "வானம்" என்றால் விரல் மேலே. அதோடு நின்றால்கூடப் பரவாயில்லை. கடனில் மாண்ட உழவரைப் பற்றிய வரியில் குரல் தழுதழுக்க வேண்டும், முதியோர் இல்லத்துத் தாயைப் பற்றிய வரியில் கண்ணீர் வர வேண்டும் என்று பழக்குகிறார்கள். பத்து முறை ஒத்திகை, பத்து முறையும் அதே இடத்தில் அழுகை. ஒரு குடும்பத்தின் சாவைப் பரிசுக்காக அழுது காட்ட ஒரு குழந்தையைப் பழக்குவது தவறு என்று நாங்கள் உறுதியாக நினைக்கிறோம். அப்படி அழுத பிள்ளைக்குக் கூடுதல் மதிப்பெண் போடாதீர்கள். அந்தக் கட்டத்தையே எடுத்துவிட்டு, "கடைசி வரிசைக்குக் கேட்டதா, முகம் பார்த்துப் பேசினாளா" என்று வைத்தால் போதும்.

அடுக்குமொழி தமிழ் மேடையின் மரபு, அதை விடலாமா என்று சிலர் கேட்பீர்கள். மரபு ஒன்று மட்டும் இல்லை. அடுக்குமொழி மேடையைப் பிடிப்பதற்கு வெகுகாலம் முன்பே, 1847 டிசம்பர் 31ஆம் தேதி, ஆறுமுக நாவலர் யாழ்ப்பாணம் வண்ணார்பண்ணைச் சிவன் கோயிலில் சமயப் பிரசங்கத்தைத் தொடங்கிவிட்டார். 1908இல் தூத்துக்குடி கோரல் ஆலைத் தொழிலாளர்களிடம் வ.உ.சி.யும் சுப்பிரமணிய சிவாவும் பேசியபோது, கேட்டவர்களின் கூலியும் ஓய்வும்தான் முன்னால் நின்றன. அண்ணாவின் அடுக்குமொழி ஒரு தலைமுறையைக் கட்டிப்போட்டது உண்மை. அதே காலத்தில் பெரியார் வீட்டுத் திண்ணையில் பேசுவதுபோலக் கொச்சை கலந்த தமிழில் மணிக்கணக்காகப் பேசினார், கூட்டம் கலையவில்லை. காமராசரின் பேச்சில் அலங்காரம் தேடினாலும் கிடைக்காது. இத்தனை வழிகள் இருந்தும் பிள்ளைகளுக்கு ஒன்றே ஒன்றைத்தான் காட்டுகிறோம். அந்த ஒன்றிலும் பொருளை விட்டுவிட்டு ஓசையை மட்டும் எடுத்துக்கொண்டோம்.

இன்னொரு அநீதியும் இதில் இருக்கிறது. தமிழ் வளர்ச்சித் துறை மாவட்ட அளவில் நடத்தும் போட்டிகளில் முதல் மூன்று பரிசுகள் 5,000, 3,000, 2,000 ரூபாய். அரசுப் பள்ளிப் பிள்ளைகள் இருவருக்குத் தனியாகச் சிறப்புப் பரிசும் உண்டு. கூலி வேலை செய்யும் குடும்பத்துக்கு இது சிறிய தொகை இல்லை. அலங்கார உரை எழுதித் தர ஆள் வேண்டும், ஒத்திகை பார்க்க ஆள் வேண்டும். எழுதித் தர ஆளில்லாத வீட்டுப் பிள்ளை, தன் கண்ணால் பார்த்ததைப் பேசினால் தோற்றுவிடுகிறது. குழாயடியில் நின்று குடம் எண்ணிய அனுபவம் அந்தப் பிள்ளையிடம்தான் இருக்கிறது, அதற்கு மதிப்பெண் தாளில் கட்டம் இல்லை.

நாங்கள் முன்வைக்கும் தாளும் 50 மதிப்பெண்ணுக்குத்தான். தலைப்பைப் பற்றித் தானே கண்டதாக, கேட்டதாக, எண்ணியதாக ஏதாவது சொன்னதா: 10. சொன்னதற்குச் சான்று, அதாவது ஓர் எண், ஓர் இடம், ஒரு நிகழ்ச்சி: 10. ஒன்றிலிருந்து அடுத்தது ஒழுங்காக வந்ததா: 5. உச்சரிப்பு: 5. கடைசி வரிசைக்குக் கேட்டதா, முகம் பார்த்துப் பேசினதா: 5. மீதி 15, பேசி முடித்தபின் நடுவர் கேட்கும் கேள்விகளுக்குப் பதில். 5 நிமிடம் பேசும் போட்டியை 3 நிமிடப் பேச்சும் 2 நிமிடக் கேள்வியுமாகப் பிரியுங்கள். 30 பேருக்கு அப்போதும் 150 நிமிடம்தான், மண்டபத்தைக் கூடுதல் நேரம் எடுக்க வேண்டியதில்லை.

இந்த 15 மதிப்பெண்தான் எல்லாவற்றையும் புரட்டிப்போடும். இரண்டே கேள்வி போதும். ஒன்று, "நீ சொன்ன இந்த வரியை உன் தங்கைக்குச் சொல்வதுபோல் சொல்." மற்றது, "இது உனக்கு எப்படித் தெரியும்?" எழுதிக் கொடுத்த உரையை ஒப்பித்த பிள்ளை "உணர்வின் கீற்று" என்றால் என்ன என்பதில் நின்றுவிடும். குடம் எண்ணிய பிள்ளை, கேட்காததையும் சேர்த்துச் சொல்லும். ஒன்றிரண்டு ஆண்டுக்குள் பயிற்சியே மாறும், ஏனென்றால் பதிலை யாரும் எழுதிக் கொடுக்க முடியாது.

இதிலும் தவறு நடக்கும், முன்கூட்டியே சொல்லிவிடுகிறோம். நடுவருக்குத் தன் அறிவைக் காட்டும் ஆசை வந்தால் கேள்வி விசாரணையாகிவிடும். அதனால் கேள்விகளை முன்பே அச்சிட்டு, எல்லோரிடமும் அவற்றையே கேளுங்கள். பொது அறிவுக் கேள்வி கூடவே கூடாது. கேட்டபின் 10 விநாடி பொறுங்கள். குழந்தை யோசிக்கும் அமைதியைத் தோல்வி என்று எண்ணிக் குறுக்கே பேசிவிடுகிறோம். ஐந்தாம் வகுப்புக்குக் கீழே ஒரு கேள்வி போதும், அதுவும் சிரித்த முகத்தோடு. "தெரியாது" என்று நேராகச் சொன்ன பிள்ளைக்கு, மழுப்பிய பிள்ளையைவிடக் கூடுதல் மதிப்பெண் கொடுங்கள்.

தாளைப் பார்த்துப் பேசக் கூடாது என்ற விதியையும் தளர்த்துங்கள். மனப்பாடம் செய்த பிள்ளை நடுவில் ஒரு வரியை மறந்தால் மறுபடி "அன்பை அடித்தளமாக்கி" என்று முதலிலிருந்து தொடங்குவதைப் பார்த்திருப்பீர்கள். ஓசையைப் பிடித்துக்கொண்டு பாடம் செய்த உரையில் ஒவ்வொரு வரியையும் முந்தைய வரியின் ஓசைதான் இழுத்து வருகிறது. ஒரு கண்ணி அறுந்தால் மீதிக்குப் போக வழியே இல்லை. அஞ்சலட்டை அளவில் ஓர் அட்டை, அதில் 20 சொல்லுக்கு மிகாமல் குறிப்பு, அவ்வளவை அனுமதியுங்கள். "குழாய், 8 குடம், 55 லிட்டர், வாய்க்கால்" என்று எழுதியிருந்தால், ஒன்றை மறந்தாலும் அடுத்ததற்குத் தாவிவிடலாம். கைகால் நடுங்குவதும் பாதி குறையும்.

தலைப்பைச் சுருக்குங்கள். "தமிழின் பெருமை", "தாயின் தியாகம்" என்று கொடுத்தால் அலங்காரத்தைத் தவிர வேறெதையும் நிரப்ப முடியாது. "எங்கள் ஊர் ஏரியில் இப்போது எவ்வளவு தண்ணீர்", "பள்ளிச் சத்துணவில் எதை மாற்றலாம்", "பாட்டி சொல்லும், நான் சொல்லாத 10 சொற்கள்" என்று கொடுத்துப் பாருங்கள். போட்டிக்கு 7 நாள் முன்பு அறிவித்தால் போதும். பிள்ளை நாலு பேரிடம் போய்க் கேட்கும், எதையாவது அளக்கும்.

பயிற்சி கொடுக்கும் சக ஆசிரியர்களுக்கு ஒரு வார்த்தை. முதல் நாள் பேனாவை எடுக்காதீர்கள். தலைப்பைப் பற்றிப் பிள்ளையை 10 நிமிடம் தன் போக்கில் பேசவிட்டுக் கைப்பேசியில் பதிவு செய்யுங்கள். அதில் பிள்ளையின் குரல் வேகம் எடுக்கும் இடங்கள் இரண்டோ மூன்றோ இருக்கும். பேச்சு அங்கேதான் இருக்கிறது. அவற்றுக்குத் துணையாக ஓர் எண்ணைத் தேடச் சொல்லுங்கள். முதல் வாக்கியத்தையும் கடைசி வாக்கியத்தையும் மட்டும் எழுதுங்கள், நடுப்பகுதியை எழுதவே வேண்டாம். ஐந்து முறை பேசச் சொல்லுங்கள். ஐந்து முறையும் சொற்கள் மாறி வந்தால் நல்ல அறிகுறி. நிதானமாகப் பேசினால் நிமிடத்துக்கு 90, 100 சொல் வரும், மூன்று நிமிடத்துக்கு 300 சொல்லுக்கு மேல் சரக்குத் தேவையில்லை. உவமை தானாக வந்தால் தடுக்காதீர்கள். "கார்த்திகையில் எங்கள் கிணற்றுக்கு 12 முழம் கயிறு போதும், சித்திரையில் 30 முழம் விட்டாலும் வாளி தரையில் தட்டும்" என்று ஒரு பிள்ளை சொன்னால் அதைவிட அணி நமக்கு வேறென்ன வேண்டும்?

உச்சரிப்புக்கு நாங்கள் 5 வைத்தது ழகர, ளகர, லகரத்துக்கும் ரகர, றகரத்துக்கும்தான். மழையும் மலையும் ஒன்றாகிவிட்டால் பொருளே போய்விடும். வட்டாரச் சொல்லுக்கு மதிப்பெண் குறைக்காதீர்கள். கொங்குப் பிள்ளை மாலை நேரத்தைப் "பொழுதோட" என்றும், குமரிப் பிள்ளை தண்ணீரை "வெள்ளம்" என்றும் சொன்னால் அது பிழை ஆகாது.

காமராசர் பிறந்த ஜூலை 15, கல்வி வளர்ச்சி நாளாகப் பள்ளிகளில் கொண்டாடப்படுகிறது. அன்று பல பள்ளிகளில் பேச்சுப் போட்டியும் உண்டு. எல்லா வகுப்புக்கும் வேண்டாம். ஏழாம், எட்டாம் வகுப்புகளுக்கு மட்டும் இந்தத் தாளைக் கொடுத்துப் பாருங்கள். மூன்று நடுவர்கள் தனித்தனியே மதிப்பெண் போட்டு, முடிந்தபின் கூட்டட்டும். பழைய தாளையும் ஒரு நடுவரிடம் கொடுத்து அதே பேச்சுகளுக்குப் போடச் சொன்னால், இரண்டு தாளிலும் முதலிடம் யாருக்குப் போகிறது என்பதைப் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பார்க்கலாம். பரிசு வாங்கியவர்கள், வாங்காதவர்கள் எல்லோருக்கும் அவரவர் தாளின் நகலை அன்றே கையில் கொடுத்து அனுப்புங்கள்.

இப்படிக்கு,
பேச்சுப் பயிற்சியிலும் நடுவர் பணியிலும் இருக்கும் தமிழாசிரியர்கள் சிலர்